பெயர் சுட்டாப் போர்: அணுப்போரைக் காட்டும் சொல்லில்லா அசைவூட்டப்படங்களும் அச்ச மெய்ப்பாடும்

ஆய்வுச் சுருக்கம்

அணு ஆயுதப் போரின் கொடுமையை உரையாடலோ பின்னணிக் குரலோ இன்றிக் காட்டிய அசைவூட்டப்படங்களுள் இஷு படேலின் 'பீட் கேம்' (1977), ரென்ஸோ கினோஷிதா, சயோகோ கினோஷிதா இணையரின் 'பிகாடோன்' (1978) ஆகிய இரண்டும் குறிப்பிடத்தக்கவை. இவ்விரண்டையும் தொல்காப்பிய மெய்ப்பாட்டியலின் துணைகொண்டு இக்கட்டுரை மதிப்பிடுகிறது. சொல்லின்மை, துன்புற்றோரை எல்லா மக்களுக்கும் உரியோராக்குகிறது. அதே சொல்லின்மை, குண்டை வீசப் பணித்த அதிகாரத்தையும் காட்சியிலிருந்து அகற்றிவிடுகிறது என்பது இக்கட்டுரையின் துணிபு. படவேடு வட்டாரத்தின் பட்டு நெசவும் படுகளமும் ஒப்பீட்டுக்குக் கொள்ளப்பட்டுள்ளன.

திறவுச்சொற்கள்: அசைவூட்டப்படம், சொல்லின்மை, மெய்ப்பாடு, அச்சம், ஹிரோஷிமா, பொக்ரான், படுகளம்.

முன்னுரை

தமிழ்க் கவிதை மரபு பெயரிடுதலை ஓர் அறமாகவே வகுத்துக்கொண்டது. அகத்திணையில் தலைமக்களின் இயற்பெயரைச் சுட்டுதல் ஆகாது என்பது தொல்காப்பியர் கொள்கை. புறத்திணைக்கு அத்தடை இல்லை. போரிட்ட மன்னன் யார், எரியுண்ட ஊர் எது, மாண்டோன் யார் மகன் என்பன புறப்பாடலின் உறுப்புகளாகவே அமைகின்றன. காதல் யாருடையதாகவும் இருக்கலாம். போர் அவ்வாறு இருத்தல் இயலாது என்னும் தெளிவு இப்பாகுபாட்டின் அடியில் உள்ளது. போர் ஒருவரால் தொடுக்கப்படுவது. ஆதலின் அதற்குப் பெயர் வேண்டும்.

இருபதாம் நூற்றாண்டின் சொல்லில்லா அசைவூட்டப்படங்கள் இப்பாகுபாட்டைக் கலைத்துவிட்டன. அவை போரைப் பொருளாகக் கொள்கின்றன. ஆனால் எவரையும் பெயர் சுட்டுவதில்லை. புறப்பொருளை அகமரபில் கூறுகின்றன எனலாம். மொழி வேண்டாமையால் இத்தகைய படங்கள் உலகம் முழுமைக்கும் பொதுவானவை என்பது திரைப்படத் திறனாய்வில் பெரும்பாலும் வினவப்படாமலே ஏற்கப்படும் கூற்றாகும். அக்கூற்று உண்மையே. எனினும், அப்பொதுமை எதைக் கொடுத்து எதைப் பெறுகிறது என்பது ஆராயத்தக்கது.

ஒரு கலைப்படைப்பின் பொதுமையைச் சோதிக்கும் வழிகளுள் ஒன்று, அதனைத் தனக்கெனப் போர்க்காட்சி மரபுடைய ஓர் ஊரின் முன் நிறுத்திப் பார்ப்பதாகும். திருவண்ணாமலை மாவட்டத்துப் படவேடு அதற்குப் பொருத்தமான ஊர். சம்புவராயரின் தலைநகராக விளங்கிய இவ்வூரின் பழம்பெயர் படைவீடு. பதினான்காம் நூற்றாண்டில் விசயநகரத்துக் குமார கம்பணனின் படையெடுப்பைக் கண்ட நிலம் இது. இன்று ஆரணிப் பட்டின் நெசவு வட்டாரத்தைச் சேர்ந்தது. போர் இங்கே கண்ணுக்குத் தெரிவதில்லை. ஊரின் பெயரில் மட்டும் எஞ்சியிருக்கிறது. சொல்லில்லாப் போர்க்காட்சிகளை ஆராய்வதற்கு, போரைச் சொல்லாக மட்டுமே வைத்திருக்கும் இவ்வூர் நல்லதோர் எதிர்நிலையாகும்.

1. அச்சத்தின் நான்கு நிலைக்களன்கள்

நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகை என மெய்ப்பாடுகளை எட்டாக வகுத்த தொல்காப்பியர், ஒவ்வொன்றும் தோன்றுவதற்கு நான்கு நிலைக்களன்களைக் கூறுகிறார். அச்சத்திற்குரியன அணங்கு, விலங்கு, கள்வர், இறை என்பன. அணங்கு கண்ணுக்குப் புலப்படாத வருத்தும் ஆற்றல். விலங்கு இயற்கையின் கொடுமை. கள்வர் சட்டத்திற்குப் புறம்பான மனிதர். இறை தம்மை ஆளும் அரசு. மனிதனை அச்சுறுத்துவனவற்றுள், அவனைக் காக்க வேண்டிய அரசையும் சேர்த்து எண்ணியமை இப்பட்டியலின் தனிச்சிறப்பாகும்.

சொல்லில்லாப் படத்தை ஆராய்வதற்கு மெய்ப்பாட்டுக் கோட்பாடு இரு வகையில் உதவுகிறது. முதலாவது, மெய்யின்கண் வெளிப்படும் குறிகளால் உள்ளத்தை அறிவது மெய்ப்பாடு. அதற்குப் பாத்திரத்தின் கூற்று இன்றியமையாததன்று. இரண்டாவது, பொருளதிகாரத்திற்கு உரை கண்ட பேராசிரியர் இந்நிகழ்வைப் படிநிலைகளாகப் பகுத்துக் காட்டுகிறார். சுவைக்கப்படும் பொருள், அதனை நுகர்ந்த பொறியுணர்வு, அது மனத்தில் பட்டபோது எழும் குறிப்பு, அதன் பின் உடலில் தோன்றும் மாற்றமாகிய சத்துவம் என்பன அவை. பொருளிலிருந்து உடலுக்கு வரும் வழி உள்ளத்தின் ஊடாகவே அமைகிறது. புலியைக் கண்டவன் நடுங்குகிறான் எனில், நடுக்கத்திற்கு முன் கண்டலும் உணர்தலும் நிகழ்ந்துவிட்டன என்பது பொருள்.

அணுகுண்டு இவ்வழியை எவ்வாறு மாற்றுகிறது, அச்சத்தின் நான்கு நிலைக்களன்களுள் எதனை அசைவூட்டப்படங்கள் தேர்ந்துகொள்கின்றன என்னும் இரு வினாக்களும் இனி ஆராயப்படுகின்றன.

2. பிகாடோன்: மெய் உண்டு, மெய்ப்பாடு இல்லை

1945 ஆகஸ்ட் 6 காலை 8.15 மணிக்கு ஹிரோஷிமா நகரின் மேல், ஏறத்தாழ 600 மீட்டர் உயரத்தில் அணுகுண்டு வெடித்தது. அவ்வாண்டு இறுதிக்குள் மாண்டோர் தொகை ஏறத்தாழ 1,40,000 என மதிப்பிடப்படுகிறது. அன்று காலை 7.09 மணிக்கு ஒலித்த வான்தாக்குதல் எச்சரிக்கை 7.31 மணிக்கு விலக்கிக்கொள்ளப்பட்டிருந்தது. மக்கள் தத்தம் வேலைகளுக்குத் திரும்பியிருந்த வேளையில் குண்டு வெடித்தது.

'பிகாடோன்' இவ்வேளையைத் தன் களமாகக் கொள்கிறது. பத்து நிமிட அளவினதான இப்படத்தின் முற்பகுதியில் எளிய காலைக் காட்சிகள் இடம்பெறுகின்றன. தாய் ஒருத்தி குழந்தைக்குப் பாலூட்டுகிறாள். சிறுவன் ஒருவன் காகித விமானத்துடன் விளையாடுகிறான். பின்னர் ஒளி பாய்கிறது. அதன்பின் மனித உருவங்கள் உருகிச் சிதைகின்றன.

'பிகா' என்பது மின்னும் ஒளியையும், 'டோன்' என்பது வெடியோசையையும் குறிக்கும் சப்பானிய ஒலிக்குறிப்புகள். குண்டுக்குப் பெயர் தெரியாத மக்கள் தாம் கண்டதையும் கேட்டதையும் இணைத்து அதற்கு இட்ட பெயர் அது. வெடிப்புக்கு மிக அருகில் இருந்தோர் ஒளியை மட்டுமே நினைவுகூர்ந்தனர் என்றும், தொலைவில் இருந்தோரே ஓசையையும் கேட்டனர் என்றும் கூறுவர். ஆகவே அப்பெயரை முழுதாகச் சொல்ல வல்லவர், சற்றுத் தொலைவில் இருந்து பிழைத்தவரே. உரையாடல் இல்லாத இப்படத்தின் ஒரே சொல்லாகிய தலைப்பு, உயிர்பிழைத்தோரின் சொல்லாக அமைந்துள்ளது.

படத்தின் கலைச்சிறப்பு, மெய்ப்பாட்டின் வழியைத் துண்டித்துக் காட்டுவதில் உள்ளது. பாலூட்டும் தாயின் முகத்தில் அச்சம் தோன்றுவதற்கு இடைவேளை இல்லை. கண்டல், உணர்தல், குறிப்பு ஆகிய மூன்று படிகளையும் கடந்து உடலின் மாற்றம் நேரே நிகழ்கிறது. பேராசிரியர் கூறும் சத்துவம் உள்ளத்தின் விளைவு. இங்கு உடல் மாறுவது உள்ளத்தால் அன்று, வெப்பத்தால். மெய் உண்டு, மெய்ப்பாடு இல்லை. அஞ்சுவதற்குக்கூட இடந்தராத சாவு இது என்பதைச் சொல்லால் விளக்கலாம். ஆயினும் விளக்கம் நேரத்தை எடுத்துக்கொள்ளும். குண்டு நேரம் கொடுக்கவில்லை என்பதே காட்ட வேண்டிய செய்தி. ஆதலின் இவ்விடத்தில் சொல்லின்மை இன்றியமையாத உத்தியாகிறது.

அசைவூட்டம் என்னும் ஊடகத்தின் தேவையும் இங்கேயே புலப்படுகிறது. அவ்வேளையில் வெடிப்பின் அடியில் நின்று ஒளிப்படம் எடுத்தோர் இலர். பின்னாளில் உயிர்பிழைத்தோர் தம் நினைவிலிருந்து வரைந்த படங்களே அக்கணத்தின் அருகே செல்லும் காட்சிச் சான்றுகள். 1974இல் ஹிரோஷிமாவின் ஒலிபரப்பு நிலையம் அத்தகைய படங்களைத் திரட்டத் தொடங்கியது. பயிற்சியற்ற கைகளால் வரையப்பட்ட அப்படங்களின் அருகில் வைத்துப் பார்க்கும்போது, 'பிகாடோன்' கற்பனையை விடச் சாட்சியத்தோடு மிகுதியும் உறவுடையதாகத் தோன்றுகிறது.

உடலில் எழுதப்பட்ட மற்றொரு சான்றையும் இங்குக் கருதலாம். ஹிரோஷிமாவில் எடுக்கப்பட்ட புகழ்பெற்ற ஒளிப்படம் ஒன்றில், பெண்ணொருத்தியின் உடலில் அவள் அணிந்திருந்த கிமோனோவின் கட்டம் தீப்புண்ணாகப் பதிந்திருக்கிறது. கருநிற நூல் வெப்பத்தை உள்வாங்கியது; வெளிர்நிற நூல் அதனைத் திருப்பியது; ஆகவே துணியின் வடிவம் தோலுக்கு மாறியது. படவேட்டுத் தறிக்காரர் ஒருவருக்கு இப்படத்தை விளக்கப் பல சொற்கள் தேவைப்படா. வரைதாளில் கட்டம் கட்டமாகக் குறித்து, ஜக்கார்டு அட்டையில் துளையிட்டு, ஊடையை ஒவ்வோர் இழையாக ஓட்டிப் பல நாள் உழைப்பில் உருவாகும் வடிவம் என்ன மதிப்புடையது என்பது அவர் அறிந்ததே. அவ்வடிவம் ஒரு நொடியில் உடலின் மேல் வடுவாக ஏறுகிறது. நெய்தவரின் உழைப்பே உடுத்தியவரின் புண்ணாகும் இக்கொடுமையை உணர, குண்டின் இயற்பியலை விடத் தறியின் அறிவு மிகுதியும் துணைசெய்யும். சொல்லில்லாக் காட்சி பொதுவானது என்பதன் மெய்யான பொருள் இதுவே. ஒவ்வோர் ஊரும் தன் தொழிலறிவைக் கொண்டு அதனுள் நுழைய முடிகிறது.

3. பீட் கேம்: அழியாத மணிகளும் பெயரில்லாத வெடிப்பும்

இஷு படேல் குஜராத்தில் பிறந்தவர். அகமதாபாத் தேசிய வடிவமைப்பு நிறுவனத்தின் வழி வந்தவர். கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் நெடுங்காலம் பணியாற்றியவர். அவ்வாரியத்திற்காக அவர் உருவாக்கிய 'பீட் கேம்' ஐந்தரை நிமிடப் படம். ஆஸ்கர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது. கறுப்புப் பரப்பின் மேல் ஆயிரக்கணக்கான சிறு மணிகளைப் பரப்பி, சட்டம் சட்டமாக அவற்றை நகர்த்திப் படம் பிடிக்கப்பட்டது. ஒரு மணி பலவாகிறது, நுண்ணுயிராகிறது, ஓர் உயிரை மற்றோர் உயிர் விழுங்கி வேறோர் உயிராகிறது. விழுங்கலின் தொடர் மனிதரை அடைந்து, போர்க்கருவிகளாகி, வெடிப்பை நோக்கிச் செல்கிறது. ஞான் பிரகாஷ் கோஷின் இந்தியத் தாள இசை படத்தைச் செலுத்துகிறது.

இப்படத்தின் அழகியல் தமிழ்ப் பார்வையாளருக்கு அயலானதன்று. புள்ளிக்கோலத்தில் புள்ளிகள் அப்படியே இருக்க, இழையின் போக்கு மட்டும் மாறி மீனும் மயிலும் தேரும் ஆவதைக் கண்டு பழகிய கண்ணுக்கு இவ்வுருமாற்றம் இயல்பாகவே விளங்கும். ஆயினும் இங்கு ஒரு வேறுபாடு கவனிக்கத்தக்கது. 'பிகாடோ'னில் கோடு உருகி உருவம் அழிகிறது, இழந்தது திரும்புவதில்லை. 'பீட் கே'மில் எந்த மணியும் அழிவதில்லை. விழுங்கப்பட்ட மீன், விழுங்கிய பறவையின் சிறகில் ஒளிர்கிறது. சாவு என்பது இடமாற்றமாகிவிடுகிறது. அணுப்போரைப் பற்றிய படத்தில் இழப்பு இல்லை என்பது சிறு குறையன்று.

தாளமும் இக்குறையை மிகுவிக்கிறது. சொல்லில்லாப் படம் ஒலியில்லாப் படம் அன்று. சொல் விட்ட இடத்தை இசை எடுத்துக்கொள்கிறது. விழுங்கலுக்கு விழுங்கல் தாளம் அளிக்கும் கிளர்ச்சி, பார்ப்போரிடம் அச்சத்தை விட உவகையையே முதலில் எழுப்புகிறது. அடுத்து எது எதனை விழுங்கும் என்னும் ஆவல், விழுங்கப்படுவதற்கான இரக்கத்தை முந்திவிடுகிறது.

இவற்றினும் முதன்மையானது காலச்சூழல். 1974 மே 18 அன்று இராசத்தானின் பொக்ரானில் இந்தியா தன் முதல் அணுவெடிப்பை நிகழ்த்தியது. அதற்குரிய புளூட்டோனியம், டிராம்பேயில் கனடாவின் உதவியுடன் அமைந்த சைரஸ் உலையிலிருந்து பெறப்பட்டது. 1976இல் கனடா இந்தியாவுடனான அணுத்துறை ஒத்துழைப்பை முறித்துக்கொண்டது. 1977இல், இந்தியாவில் பிறந்த கலைஞர் ஒருவர் கனடா அரசின் திரைப்பட நிறுவனத்தில் இப்படத்தை நிறைவுசெய்தார். படத்தின் பொருளும் படம் பிறந்த இடமும் ஒரே வரலாற்றின் இரு முனைகள். அவ்வரலாற்றின் ஒரு துளியும் படத்தினுள் இல்லை.

வரலாறு இருந்த இடத்தில் இயற்கை அமர்ந்துகொள்கிறது. நுண்ணுயிர் முதல் ஏவுகணை வரை ஒரே விழுங்கல் எனக் காட்டுவதால், அணுகுண்டு உயிர்களின் வளர்ச்சியில் கடைசி விலங்காகிறது. தொல்காப்பியரின் பகுப்பில், இப்படம் அச்சத்தின் நிலைக்களனாக விலங்கைத் தேர்ந்துகொண்டது. ஆனால் புலி பசிக்காக வேட்டையாடுகிறது. அணுகுண்டு ஒப்பந்தம், உலை, ஆணை, கையொப்பம் ஆகியவற்றின் வழியே பிறக்கிறது. விலங்கின் செயலுக்கு எவரும் விடை கூற வேண்டியதில்லை. இறையின் செயலுக்கு விடை கேட்கலாம். நிலைக்களன் மாறும்போது கேள்வி கேட்கும் உரிமையும் மாறிவிடுகிறது.

இதற்கு ஒரு மறுப்பு எழலாம். அணுகுண்டைச் சுற்றி அரசுகள் வளர்த்த மொழியே பொய்யானது. ஆதலின் மொழியைத் துறப்பதே நேர்மை என்பது அம்மறுப்பு. அதற்கு வலிமை உண்டு. ஹிரோஷிமாவை எரித்த குண்டின் பெயர் 'சிறுவன்'. பொக்ரான் சோதனையோடு இணைத்துப் பேசப்படும் பெயர் 'சிரிக்கும் புத்தர்'. அதற்கு அரசு அளித்த விளக்கம் 'அமைதி நோக்கிலான அணுவெடிப்பு'. குழந்தையின் பெயரும் அருளாளரின் பெயரும் அமைதி என்னும் சொல்லும் இவ்வாறு ஆளப்பட்ட பின், கலைஞர் வாய் திறவாமையை ஓர் எதிர்ப்பாகக் கொள்ளலாம். ஆனால் பொய்ப்பெயரை மறுப்பது வேறு. மெய்ப்பெயரையும் சேர்த்துத் துறப்பது வேறு. முதலாவது அரசுக்கு எதிரானது. இரண்டாவது அரசுக்கு வசதியானது.

4. படுகளம்: சொல்லுக்குப் பின் வரும் காட்சி

பெயர் சுட்டாக் காட்சியின் எல்லையை விளங்கிக்கொள்ள, ஆரணி, படவேடு உள்ளிட்ட வடதமிழகப் பகுதியின் பாரத விழா துணைசெய்கிறது. திரௌபதியம்மன் கோயில்களில் நடைபெறும் இவ்விழாவில், பகலில் பாரதச் சொற்பொழிவும் இரவில் தெருக்கூத்தும் பல நாள்கள் நிகழ்கின்றன. நிறைவில் படுகளம். கோயில் வெளியில் மண்ணால் ஆன துரியோதனனின் பேருருவம் கிடத்தப்பட்டிருக்கும். வீமன் வேடதாரி அதன் தொடையில் அடிக்கிறார். திரௌபதியின் விரித்த கூந்தல் முடிக்கப்படுகிறது.

இம்மண்ணுருவம் பேசுவதில்லை, பேச வேண்டியதும் இல்லை. அத்தொடை ஏன் அடிக்கப்படுகிறது என்பதைக் கூட்டத்தில் உள்ள குழந்தையும் அறியும். சூதாடிய அவை, இழுக்கப்பட்ட பெண், அவளை அமரச் சொல்லிக் காட்டப்பட்ட தொடை, உரைக்கப்பட்ட சூளுரை ஆகியன பல நாள்களாகச் சொல்லப்பட்டுவிட்டன. படுகளத்தின் காட்சி, சொல்லை நிரம்பக் கேட்ட பின் வரும் காட்சி. அதனால்தான் அங்கு எழும் வெகுளிக்கும் அழுகைக்கும் முகவரி இருக்கிறது. இறை தவறிழைத்தது, இறை வீழ்ந்து கிடக்கிறது. அச்சத்தின் நான்காம் நிலைக்களனை மண்ணில் கிடத்திக் காட்டும் நிகழ்வு எனப் படுகளத்தைக் கூறலாம்.

இவ்வொப்பீடு, சொல்லில்லா அசைவூட்டப்படமும் தனக்கு முன்னர்ச் சொல்லப்பட்டவற்றைச் சார்ந்தே நிற்கிறது என்பதை உணர்த்துகிறது. குடைக்காளான் வடிவில் எழும் புகையைக் கண்டதும் அது அணுகுண்டு என அறிபவர், நாளிதழோ பாடநூலோ தந்த சொற்களால் அறிகிறார். அச்சொற்களைக் கேளாதவருக்கு அது ஒரு புகை மட்டுமே. சொல்லின்மை என்பது சொல் வேண்டாமையன்று. சொல்லை வேறொருவர் முன்னரே சொல்லிவிட்டிருப்பார் என்னும் நம்பிக்கை. 1977இல் அந்நம்பிக்கைக்குக் காரணம் இருந்தது. ஹிரோஷிமாவை நேரில் கண்டோர் அருகிவரும் காலத்தில் அது எவ்வளவு நிலைக்கும் என்பது கலைஞரும் ஆசிரியரும் எண்ணத்தக்கது.

போர் அறத்திலும் சொல்லுக்கு இடமுண்டு. பாண்டியன் பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதியைப் பாடிய நெட்டிமையாரின் புறநானூற்றுப் பாடல் (9), அம்பு விடுவதற்கு முன் பசுக்கள், பார்ப்பனர், பெண்டிர், பிணியுற்றோர், புதல்வரைப் பெறாதோர் ஆகியோரைப் பாதுகாப்பிடம் தேடிச் செல்லுமாறு அறிவிக்கும் மரபைக் கூறுகிறது. போர் அனைத்தும் இவ்வறத்தைக் காத்தன என்பதற்கில்லை. எனினும் அறம் ஓர் அறிவிப்பாக, சொல்லாக, வகுக்கப்பட்டிருந்தது. 'பிகாடோ'னில் பாலூட்டும் தாய்க்கு அவ்வறிவிப்பு வரவில்லை. அவ்வகையில், படத்தின் சொல்லின்மை அழகியல் தேர்வு மட்டுமன்று. சொல்லப்படாமல் போன எச்சரிக்கையின் வடிவமும் ஆகும்.

5. சொல் உள்ள படங்களில் இறையின் இடம்

சொல்லைப் பயன்படுத்திய படங்களோடு ஒப்பிடும்போது இழப்பும் பேறும் தெளிவாகின்றன. பீட்டர் ஃபோல்டெஸ், ஜோன் ஃபோல்டெஸ் இணையரின் 'எ ஷார்ட் விஷன்' 1956 மே 27 அன்று அமெரிக்காவின் எட் சல்லிவன் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் ஒளிபரப்பாகிப் பெரும் அதிர்ச்சியை ஏற்படுத்தியது. அதில் கதைசொல்லியின் குரல் உண்டு. ஆனால் அக்குரல் தொன்மக்கதையின் நடையில், வானில் வந்த ஏதோ ஒன்றைப் பற்றியே கூறுகிறது. சொல் இருந்தும் பெயர் இல்லை, அச்சம் அணங்கின்பாற்பட்டது. எனவே சொல் இருப்பது மட்டுமே இறையைக் காட்டப் போதுமானதன்று.

ரேமண்ட் பிரிக்ஸின் படக்கதையைத் தழுவி ஜிம்மி முரகாமி இயக்கிய 'வென் த விண்ட் புளோஸ்' (1986) வேறு வகையினது. அதில் முதிய இணையர் அரசு வெளியிட்ட கையேட்டை நம்பி, கதவுகளைச் சாய்த்து வைத்துப் புகலிடம் அமைக்கின்றனர். கதிர்வீச்சால் நலிந்தபோதும் அரசின் உதவி வரும் எனக் காத்திருக்கின்றனர். அவர்களைக் கொல்வதில் குண்டுக்கு உள்ள பங்கோடு கையேட்டின் சொற்களுக்கும் பங்கு உண்டு. அச்சப்பட வேண்டிய இடத்தில் அவர்கள் நம்பிக்கை கொள்வதே படத்தின் அவலம். இறை இங்கு முகமின்றி, ஆனால் குரலோடு இருக்கிறது. பேச்சை நீக்கினால் இப்படத்தின் பொருள் பெரிதும் சிதைந்துவிடும்.

சொல்லில்லாப் படங்களும் இத்தேவையை ஓரளவு உணர்ந்திருந்தன. கனடாவின் அதே திரைப்பட வாரியத்தில் நார்மன் மெக்லாரன் உருவாக்கிய 'நெய்பர்ஸ்' (1952) ஒரு பூவுக்காக அண்டை வீட்டார் இருவர் ஒருவரையொருவர் கொல்லும் கதை. உரையாடல் அற்ற அப்படம், அண்டை வீட்டாரை நேசிக்கும்படி கூறும் வாசகத்தைப் பல மொழிகளில் காட்டி முடிகிறது. காட்சி மட்டும் போதாது என்னும் ஐயம் மெக்லாரனுக்கும் இருந்தது போலும்.

இவ்விடத்தில் வெகுளியைப் பற்றிய தொல்காப்பியரின் கருத்தும் நினையத்தக்கது. உறுப்பறை, குடிகோள், அலை, கொலை என்பன வெகுளியின் நான்கு நிலைக்களன்கள். உறுப்பை அறுத்தல், குடிமக்களை வருத்துதல், அலைத்தல், கொல்லுதல் ஆகிய நான்கும் ஹிரோஷிமாவில் ஒருசேர நிகழ்ந்தன. 'பிகாடோன்' அந்நான்கையும் காட்டுகிறது. வெகுளிக்குரிய காரணங்கள் அனைத்தும் இருக்கின்றன, வெகுள்வதற்குரியவர் இல்லை. அதனால் பார்வையாளரிடம் வெகுளி எழுவதற்கு மாறாக அழுகை மிகுகிறது. அழுகை மனிதத்தன்மையுடையது, ஆயினும் அடுத்த குண்டைத் தடுப்பதற்கு அது மட்டும் போதுமா என்னும் வினா எஞ்சுகிறது. குண்டின் பின்னணியைப் பெயர் சுட்டிக் காட்ட முற்பட்டால், அதனை வீசிய அமெரிக்க அரசையும், போரை நடத்திச்சென்ற சப்பானிய அரசையும் ஒருங்கே காட்ட நேரும். சொல்லின்மை இவ்விரு சுமைகளிலிருந்தும் படத்தை விடுவிக்கிறது.

சொல்லின்றியே இறையைக் காட்ட இயலாதா என்று வினவலாம். இயலாது என்பதற்கில்லை. முத்திரை, கையொப்பமிடும் கை, மேசையின் மேல் விரிந்த நிலப்படம் ஆகியன பேசாமலே அதிகாரத்தை உணர்த்தும் உருவங்கள். முழு நீளத்திற்கும் உரையாடல் இன்றியே வேலையில்லா இளைஞனின் நகர வாழ்வையும், அதில் செல்வம் செய்யும் ஆட்சியையும் காட்டிய 'பேசும் படம்' (1987), சமூக உறவுகளைச் சொல்லின்றிக் காட்டுவது கூடும் என்பதற்குத் தமிழ்ப் பார்வையாளர் அறிந்த சான்று. எனவே, ஆராயப்பட்ட இரு படங்களிலும் இறை இல்லாமை ஊடகத்தின் இயலாமையால் நேர்ந்ததன்று. அது தேர்வு. தேர்வு என்பதனாலேயே அது திறனாய்வுக்கு உரியதாகிறது.

முடிவுரை

'பிகாடோன்', 'பீட் கேம்' ஆகிய இரண்டும் அணுப்போர் என்னும் புறப்பொருளை அகமரபுக்குரிய பெயர் சுட்டாமையால் கூறுகின்றன. இம்மரபு துன்புற்றோரிடத்து நன்கு பொருந்துகிறது. பெயரில்லாத தாய் எல்லா ஊரின் தாயுமாகிறாள். படவேட்டுத் தறிக்காரரும் தம் தொழிலறிவின் வழி அவள் துன்பத்தை அணுகலாம். துன்புறுத்தியவரிடத்து அம்மரபு பொருந்தவில்லை. அச்சத்தின் நிலைக்களன், 'பிகாடோ'னில் வானிலிருந்து வரும் அணங்கின் சாயலையும் 'பீட் கே'மில் விலங்கின் வடிவையும் பெறுகிறது. அணுகுண்டுக்கு உரிய நிலைக்களனாகிய இறை இரண்டிலும் விடுபட்டுள்ளது.

இரண்டனுள் 'பிகாடோன்' மேலானதாகக் கருதத்தக்கது. அதில் அழிவு அழிவாகவே உள்ளது. சொல்லின்மைக்குக் காரணமும் உண்டு. தலைப்பாக நிற்கும் ஒரு சொல் உயிர்பிழைத்தோருடையது. 'பீட் கேம்' கைத்திறத்தில் வியப்புக்குரியதாயினும், ஒரு நாடு இழைத்ததை உயிரினத்தின் இயல்பாக மாற்றிவிடுகிறது.

1974இலும் பின்னர் 1998 மே மாதத்திலும் அணுவெடிப்பு நிகழ்த்திய நாட்டின் வகுப்பறைகளில் இப்படங்களைக் காட்டும் ஆசிரியர், படம் விட்ட பெயர்களைப் படம் முடிந்த பின் சொல்லுதல் வேண்டும். படுகளத்திற்கு முன் பாரதம் சொல்லப்படுவது போல, அல்லது அதற்குப் பின்னராயினும், அச்சொல் வகுப்பில் ஒலித்தல் தகும். பொக்ரான், டிராம்பே, சைரஸ் என்பன மாணவர் பலருக்குத் தேர்வுக்குரிய விடைகளாக மட்டுமே அறிமுகமானவை. மணிகள் வெடித்துச் சிதறுவதைக் கண்ட உடனே அப்பெயர்களைக் கேட்கும் மாணவருக்கு, அஞ்ச வேண்டியது விலங்கையா இறையையா என்று தாமே எண்ணிப் பார்க்கும் வாய்ப்பேனும் கிடைக்கும்.